ஒலும் நாளுக்குச் சொந்தக்காரி

அஷ்கூரில் சூரியன் தானாக எழுவதில்லை. ஒலும் தெர்னா திட்டித்தான் எழுப்புகிறாள். அவள் பாலத்தின் நடுக்கல்லில் ஏறி நின்று வாயைத் திறந்தால் கறுப்பாறு நாலடி பின்வாங்கி, சற்று யோசித்து, பிறகுதான் கடலுக்குக் கிளம்பும். எதிர்க்கரை மலையில் ஒரு பள்ளம் தெரிகிறதே, அது முன்பு சிகரமாக இருந்தது. ஒருநாள் அவளை எதிர்த்துப் பேசிவிட்டது. வாத்துக்குஞ்சுகள் அவள் குரலைக் கேட்டு மறுபடி முட்டைக்குள் போய்ப் படுத்ததை நானே பார்த்திருக்கிறேன். நம்பாதவர்கள் எந்த விடியலிலும் பாலத்துக்கு வரலாம். காதில் பஞ்சு வைத்துக்கொண்டு வரவும்.

இன்று சாந்தெல் நாள். சாந்தெல் வீட்டு மருமகன் பாலத்தில் நிற்கிறான். கண்ணில் பீளை, ஒரு காலில் மட்டும் செருப்பு. "சாந்தெல் நாள் வந்திருக்கு. வீட்ல ஆள் உண்டா?" என்று கூவுகிறான். கூவுகிறான் என்பது மரியாதைக்குச் சொல்வது. பாதியைக் கொட்டாவியோடு சேர்த்து விழுங்கிவிட்டான். தெருக்கோடியில் வாசலில் நிற்கும் அவன் மனைவி "உண்டு, வரட்டும்" என்கிறாள். முடிச்சுக்காரர் ஊரின் நாள்கயிற்றை ஆற்றுநீரில் நனைத்து சாந்தெல் முடிச்சை இறுக்குகிறார். நாள் தொடங்கிவிட்டது. ஆனால் தெர்னா அத்தைக்கு இன்னும் தொடங்கவில்லை.

"ஏன்டா, நாளைக் கூப்பிடுறியா, காணாமப் போன கோழியக் கூப்பிடுறியா? வருஷத்துக்கு ஒரு தடவ வர்றது. ரெண்டு கால்லயும் செருப்பு போட உனக்குக் கை இல்லையா? நான் அந்த நாளா இருந்தா உன் மூஞ்சியப் பாத்துட்டு அப்படியே திரும்பிப் போயிருப்பேன்."

மருமகன் தலையைச் சொறிந்துகொண்டு வீட்டுக்குப் போகிறான். இது தினமும் நடக்கிறது. யார் நாளானாலும் அவள் அங்கே நிற்பாள். யாரும் அவளை நியமிக்கவில்லை. நியமித்திருந்தால் இவ்வளவு ஒழுங்காக வருவாளா என்பது சந்தேகம்.

அவள் நேரே புகைக்கூண்டிலிருந்து வருகிறவள். ஒலும் வீட்டுத் தொழில் விலாங்கு மீன். பிடித்த விலாங்கைச் சாம்பலில் புரட்டி, வழவழப்பு போகத் தேய்த்து, வயிற்றைக் கீறிக் கழுவி, உப்புநீரில் ஊறவைத்து, தலைக்குக் கீழே கம்பி கோத்து வரிசையாகத் தொங்கவிட்டு, ஈரவிறகின் புகையில் வாட்ட வேண்டும். விறகு கொழுந்துவிட்டு எரியக்கூடாது, அணையவும் கூடாது. தெர்னா அத்தையின் முகமும் அப்படித்தான் இருக்கும். புருவம் இரண்டும் எப்போதோ பொசுங்கிப் போய்விட்டதால், அவள் கோபமாக இல்லாத நேரத்தை முகத்தைப் பார்த்துக் கண்டுபிடிக்க முடியாது. அப்படி ஒரு நேரம் இருந்ததாகத் தகவலும் இல்லை.

மீன் வாங்க வருகிறவர்கள் பேசாமல் வாங்கிக்கொண்டு போவது நல்லது. ஒருமுறை தோல் பதனிடுகிறவர் ஒருவர் மீனைத் திருப்பித் திருப்பிப் பார்த்து, கொஞ்சம் கருகிவிட்டதோ என்று கேட்டார். மீன் அவர் கையிலிருந்து காணாமல் போயிற்று. "உனக்கு மீன் கிடையாது. வீட்டுக்குப் போய் வெந்நி குடி" என்று அனுப்பிவிட்டாள். அவர் ஆறு நாள் வெறுங்கையோடு வந்து வந்து நின்ற பிறகுதான் அடுத்த மீன் கிடைத்தது.

நானும் அவளிடம் பட்டிருக்கிறேன். அவள் கதவுத் தாழ்ப்பாளில் உயிருள்ள விலாங்கைக் கட்டிவிட்டு வேலிக்குப் பின்னால் உட்கார்ந்திருந்தேன். அவள் அலறவில்லை. விலாங்கை அவிழ்த்து உள்ளே கொண்டுபோனாள். மூன்றாம் நாள் அது வாட்டிய மீனாக எங்கள் வீட்டுக்கு வந்தது. முழுவதும் தின்று முடிக்கும்வரை என் தலைக்கு மேலேயே நின்றாள். நன்றாகத்தான் இருந்தது, அதை அவளிடம் சொல்லவில்லை.

அவளுடைய கணவர் ஹாவ்ரின் மாமா மூக்கால் இழுத்து இழுத்துப் பேசுவார். எனக்கு அந்தக் குரல் வரும். புகைக்கூண்டின் பின்பக்கம் ஒளிந்துகொண்டு, "தெர்னாஆ, உப்ப எங்க வச்ச?" என்பேன். உள்ளேயிருந்து வசவு புறப்பட்டு, முற்றத்தைத் தாண்டி, படகில் படுத்திருக்கும் மாமாவின் தலையில் போய் விழும். அவர் ஒரு கண்ணைத் திறந்து வேலிப் பக்கம் பார்ப்பார். என் கால் தெரிந்திருக்கும். மறுபடி மூடிக்கொள்வார். ஒரு தடவைகூட என்னைக் காட்டிக்கொடுத்ததில்லை.

எங்கள் ஊரில் ஒரு வீட்டுக்கு ஒரு நாள். கயிற்றில் எத்தனை முடிச்சோ ஆண்டுக்கு அத்தனை நாள். என் அப்பா பிறந்தபோது முந்நூற்று முப்பத்தொன்று இருந்தது. இப்போது முந்நூற்று நான்கு. பனி எந்த நாளில் விழும், எப்போது விதைக்கலாம் என்பதெல்லாம் கயிற்றுக்குத் தெரியாது. அதற்கு வாத்துகள் இருக்கின்றன. கயிறு சொல்வது ஒன்றுதான்: இன்று யார் வீட்டு நாள். அந்த வீட்டின் கதவு விடியலிலிருந்து மறுவிடியல் வரை திறந்தே கிடக்கும். யார் வந்தாலும் சோறு. அந்த வீட்டில் செத்தவர்களும் அன்றைக்கு வருவார்கள். அவர்களுக்கும் கிண்ணம் வைக்க வேண்டும். ஆண்டு முழுவதிலும் அந்த ஒருநாள்தான் அவர்களுக்கு வீட்டுக்கு வழி திறந்திருக்கும்.

பாலத்தில் ஒருவர் கூப்பிட வேண்டும், வாசலிலிருந்து ஒருவர் பதில் சொல்ல வேண்டும். இருவரும் அதே வீட்டு ஆட்களாக இருக்க வேண்டும். மூன்று முறை கூப்பிட்டும் பதில் வராவிட்டால் அந்த வீட்டில் ஆள் இல்லை என்று அர்த்தம். முடிச்சுக்காரர் கத்தியை எடுத்து அந்த முடிச்சை வெட்டி ஆற்றில் எறிந்துவிட்டு, இரு முனைகளையும் சேர்த்துப் பின்னிவிடுவார். விடிந்த பொழுது அடுத்த வீட்டுக்காரருடைய நாளாகிவிடும். வெட்டிய நாள் அன்றும் இல்லை, அடுத்த ஆண்டும் இல்லை, என்றைக்கும் இல்லை. செத்தவர்களுக்கு யாரும் போய்த் தகவல் சொல்வதில்லை.

உயிரோடு இருப்பவர்கள் கதை இதைவிட மோசம். முடிதிருத்தும் கிம்போவைப் பாருங்கள். அவர் பிறந்தது மூவ்ரா நாளில். அவருக்கு ஒன்பது முடிந்த வருஷம் மூவ்ரா வீட்டில் காய்ச்சல் புகுந்து எல்லோரையும் கொண்டுபோனது, முடிச்சை வெட்டினார்கள். பிறந்தநாள் வராமல் வயது எப்படி ஏறும்? கயிற்றுக் கணக்கில் கிம்போவுக்கு இன்றும் ஒன்பது. வழுக்கைத் தலை, நாலு பல், மூட்டுவலி, வயது ஒன்பது. ஒன்பது வயதுப் பிள்ளை சவரக்கத்தி பிடிக்கக்கூடாது என்பதால் கடை தம்பி மகன் பெயரில் இருக்கிறது. ஒன்பது வயதுப் பிள்ளை கல்யாணம் செய்யக்கூடாது என்பதால் ஒரு பெண் ஆறு வருஷம் காத்திருந்துவிட்டு வேறொருவரோடு போய்விட்டாள். மன்றத்தில் அவர் வாயைத் திறக்க முடியாது. நேற்று மீசை முளைத்தவன்கூட "டேய் கிம்போ, அந்தக் கதவைச் சாத்து" என்கிறான். அவரும் போய்ச் சாத்துகிறார். இதைச் சிரித்துக்கொண்டே சொல்கிற ஊர் எங்கள் ஊர். சின்ன வயதில் நானும் சிரித்திருக்கிறேன். ஊரில் அவரை "அண்ணே" என்று கூப்பிடுவது தெர்னா அத்தை ஒருத்திதான். டேய் என்று யாராவது கூப்பிடுவது அவள் காதில் விழுந்தால், அவனுக்கு அன்றைய பொழுது முடிந்தது.

நான் பிறந்தது ஒலும் நாளில். இதை எதற்குச் சொல்கிறேன் என்றால், பின்னால் நான் செய்ததெல்லாம் என் வயதுக்காகச் செய்தது. வேறு எதற்காகவும் இல்லை.

இந்தப் பனிக்காலத்தில் ஹாவ்ரின் மாமா நெஞ்சில் சளி கட்டி, இருமி இருமிப் போய்ச் சேர்ந்தார். தெர்னா அத்தை அழவில்லை. கட்டிலுக்குப் பக்கத்தில் நின்று பிணத்தைத் திட்டினாள். விறகு பாதி அடுக்கியபடி கிடக்கிறது, வலையில் ஓட்டை அப்படியே இருக்கிறது, இதையெல்லாம் யார் தலையில் கட்டிவிட்டுப் போகிறாய் என்று கேட்டாள். அவரைக் குழிக்குள் இறக்கியபோதும் விறகைப் பற்றித்தான் பேசிக்கொண்டிருந்தாள். ஊர் முகத்தைச் சுளித்தது. அந்தப் பாதி விறகு இன்னும் அப்படியே இருக்கிறது. அதிலிருந்து ஒரு கட்டையை எடுக்கப் போனவனை அவள் கரண்டியால் அடித்தாள்.

வீட்டில் இப்போது அவள் ஒருத்தி. மகள் ரூஷெல் கீழூரில் நெசவுக்கூடத்தில் வேலை பார்க்கிறாள். அத்தை படகுக்காரன் மூலம் அவளுக்குச் சேதி அனுப்பினாள்: நம் நாளுக்கு வந்து வாசலில் நின்று பதில் சொல்லிவிட்டுப் போ. படகுக்காரன் பதிலைக் கொண்டுவந்தான். அது எங்கள் கணக்குப்படி பதினேழாம் தேதி வருகிறது அம்மா, பதினேழாம் தேதி விடுப்பு தரமாட்டார்கள்.

படகுக்காரன் என்ன பாவம் செய்தானோ, முழுவதையும் அவன்தான் வாங்கிக்கொண்டான். "பதினேழாம் தேதியாம். ஆட்டுக்குக் காதுல சூடு போடுற மாதிரி நாளுக்கு நம்பர் போட்டு வச்சிருக்கானுங்க. பதினேழு யாரு வீட்டுப் புள்ளடா? பதினேழுல செத்தவங்க எந்த வீட்டுக்கு வந்து சாப்பிடுவாங்க? சொல்லு. வாய்ல என்ன வச்சிருக்க?" அவன் வாயில் ஒன்றும் இல்லை. வந்த கூலியைக்கூட வாங்காமல் துடுப்பைப் போடத் தொடங்கிவிட்டான்.

முடிச்சுக்காரர் கொர்வேலைப் பற்றி இனிச் சொல்ல வேண்டும். பழைய முடிச்சுக்காரருக்குக் கை நடுங்கத் தொடங்கியதால் இந்த வசந்தத்தில் பொறுப்பேற்றவர். கீழூரில் படித்தவர். நகங்கள் சுத்தமாக இருக்கும். யாரையும் அதட்டமாட்டார், எல்லோரையும் அம்மா, ஐயா என்பார். அவருக்கு ஒரே ஓர் ஆசை. கயிறு முந்நூறில் நிற்க வேண்டும். "முந்நூறுன்னா நூறு நூறா மூணு கண்ணி. பாக்கவே எவ்வளவு லட்சணம்" என்பார். இன்னும் நான்கு முடிச்சுகள்தான் அவருக்கு இடைஞ்சல். கத்திக்குப் புதுப்பிடி போட்டிருந்தார்.

தெர்னா அத்தை கயிற்றுக்கூடத்துக்கு அவரைப் பார்க்க வந்தபோது நானும் அங்கே இருந்தேன். இல்லாத வீடு ஒன்றின் பெயரில் கயிற்றில் ஒரு முடிச்சு போட்டு, பள்ளிக்கூடத்துக்கு ஒருநாள் விடுமுறை வாங்கிக் கொடுத்திருந்தேன். அதற்காகப் பள்ளிக்கூடம் எனக்கு நிரந்தர விடுமுறை கொடுத்தது. மன்றம் கயிறு முழுவதற்கும் கொழுப்புத் தடவச் சொன்னது. நான் இருநூற்று ஐம்பதாவது முடிச்சுக்குப் பக்கத்தில் இருந்தேன்.

அவள் நின்றபடியே கேட்டாள். "நான் பாலத்துல கூப்பிடுறேன். கிம்போ அண்ணே வாசல்ல நின்னு பதில் சொல்லட்டும்."

"கிம்போ சின்னப் பையனாச்சே அம்மா," என்றார் கொர்வேல். "அதோட உங்க வீட்டு ஆளும் இல்ல."

"சின்னப் பையனா? அவருக்கு அறுபத்தெட்டு வயசு."

"கயிறு அப்படிச் சொல்லலீங்களே."

அவள் வேறு வழிகளையெல்லாம் வரிசையாக வைத்தாள். யாரையாவது தத்தெடுக்கட்டுமா என்றாள். மூன்று ஆண்டு ஒரே கூரையின் கீழ் இருந்திருக்க வேண்டும் என்றார். கூப்பிட்டுவிட்டுத் தானே வாசலுக்கு ஓடிப் பதில் சொன்னால் என்ன என்றாள். அது எதிரொலி, பதில் ஆகாது என்றார். எல்லாவற்றுக்கும் அவரிடம் ஒரு மெல்லிய பதில் இருந்தது. திட்டுகிறவனிடம் பதிலுக்குத் திட்டலாம். தேன் தடவிய குரலில் கழுத்தை அறுப்பவனிடம் என்ன செய்வது? எனக்கு அந்தக் கொழுப்புச் சட்டியை அவர் தலையில் கவிழ்க்க வேண்டும்போல் இருந்தது. சட்டியும் கைக்கு எட்டுகிற தூரத்தில்தான் இருந்தது.

பிறகு அவள் குரலைத் தாழ்த்தினாள். அந்தக் குரலை அதற்குமுன் நான் கேட்டதில்லை.

"அவரு செத்த பெறகு இந்த வருஷம்தான் மொத மொத வீட்டுக்கு வர்றாரு. வழி தெரியாத மனுஷன். சந்தைக்குப் போனாலே ரெண்டு தெரு மாறிப் போய்ட்டுத்தான் வருவாரு. அவரு வந்து நிக்கும்போது நாளே இல்லைன்னா எங்கடா போவாரு?"

கொர்வேல் உண்மையாகவே யோசித்தார். "அதுக்கு விதி ஒண்ணும் இல்லீங்களே அம்மா" என்றார்.

அவள் ஒன்றும் சொல்லாமல் வெளியே போனாள். ஒலும் தெர்னா ஒன்றும் சொல்லாமல் ஒரு இடத்தைவிட்டுப் போனாள் என்று நான் சொன்னபோது எங்கள் வீட்டில் யாரும் நம்பவில்லை. பொய் சொல்வதற்கும் ஓர் அளவு வேண்டும் என்றார் அப்பா.

மறுநாளிலிருந்து அவள் ஓடிப் பழகத் தொடங்கினாள். எதிரொலி என்று அவர் சொன்னது அவள் காதில் ஏறவே இல்லை. பாலத்தில் நின்று கூப்பிடுவாள். பாவாடையைத் தூக்கிச் செருகிக்கொண்டு இருநூற்றுப் பன்னிரண்டு அடி ஓடுவாள். வாசலில் போய் மூச்சு வாங்க "உண்டு, வரட்டும்" என்பாள். ஊரே சன்னலில் நின்று பார்த்தது. தச்சர்கள் உளியைக் கீழே வைத்துவிட்டு யார் முதலில் விழுவது, அவளா அவள் பாவாடையா என்று பந்தயம் கட்டினார்கள். இந்த ஊருக்குத்தான் அவள் ஆண்டு முழுவதும் நாளைச் சரியாகக் கூப்பிடச் சொல்லிக்கொடுக்கிறாள். நானும் முதல் நாள் சிரித்தேன். நான்காம் நாள் அவள் கல் தடுக்கி விழுந்து முழங்காலைப் பெயர்த்துக்கொண்டாள். எழுந்து நின்று கல்லைத் திட்டினாள். திரும்பிப் பாலத்துக்கு நொண்டிக்கொண்டு போய், முதலிலிருந்து கூப்பிட்டாள். அதற்குப் பிறகு என்னால் சன்னலில் நிற்க முடியவில்லை.

என் வயதை நினைத்துப் பார்த்தேன். எனக்குப் பதினைந்து. பதினாறானால் மன்றத்தில் பேசலாம், சொந்தப் படகு வைத்துக்கொள்ளலாம். ஒலும் முடிச்சை வெட்டினால் பல்லெல்லாம் கொட்டும்வரை பதினைந்திலேயே நிற்பேன். ஆகவே இது முழுக்க முழுக்கச் சுயநலம். இதை இரண்டாவது முறையாகச் சொல்கிறேன்.

ஒலும் நாள் இன்றைக்குப் பதினொரு நாளுக்கு முன்னால் வந்தது. வீட்டு நாளில் தொழில் செய்யக்கூடாது என்பதால் புகைக்கூண்டில் தீ இல்லை. கூண்டிலிருந்து ஒரு மண்குழாய் வீட்டுத் தரைக்கு அடியில் ஓடி, வாசற்படிக்குப் பக்கத்தில் வாய் திறக்கும். மிச்சப் புகை வெளியே போவதற்கு. பின்பக்கக் கதவு வழியாக நான் கூண்டுக்குள் நுழைந்து, சாம்பலில் மண்டியிட்டு, குழாயில் காதை வைத்துக்கொண்டேன்.

பாலத்தில் கூட்டம். முடிச்சு வெட்டுவதைப் பார்க்க எப்போதும் கூட்டம் வரும். சிலர் பிள்ளைகளைத் தோளில் தூக்கிக்கொண்டு வருவார்கள். அவள் குரல் குழாய் வழியாகத் தூரத்தில் கேட்டது. மலையைப் பள்ளமாக்குகிற குரல் அது இல்லை.

"ஒலும் நாள் வந்திருக்கு. வீட்ல ஆள் உண்டா?"

அவள் ஓட ஆரம்பிப்பதற்குள் நான் குழாயில் வாயை வைத்து, மூக்கால் இழுத்துச் சொன்னேன். "உண்டூ. வரட்டும்."

குழாய் அதைப் பெரிதாக்கி, கரகரப்பாக்கி, வாசலில் கொண்டுபோய்ப் போட்டது. கூடவே தொண்டையில் கரி இறங்கி, அடக்க முடியாத இருமல் ஒன்று வந்தது. அது என் திட்டத்தில் இல்லை. நெஞ்சு பிளக்கிற மாதிரி நாலு தடவை இருமினேன். பாலத்தில் இருந்தவர்கள் கடைசியாக ஹாவ்ரின் மாமாவிடமிருந்து கேட்டதும் அந்த இருமலைத்தான்.

இருமல் வெளியே கேட்காமலிருக்கச் சால்வையை மூக்குவரை இழுத்துவிட்டு, பின்வழியாக ஓடிப் பாலத்துக்குப் போய்க் கிம்போவின் முதுகுக்குப் பின்னால் நின்றேன். தெர்னா அத்தை நடுக்கல்லில் அசையாமல் நின்றாள். ஓடுவதற்குச் செருகிய பாவாடை அப்படியே செருகியிருந்தது.

கொர்வேல் கத்தியைக் கையில் வைத்துக்கொண்டே வாசல்வரை நடந்துபோய், உள்ளே எட்டிப் பார்த்துவிட்டுத் திரும்பினார். வீட்டில் யாரும் இல்லை, ஒரு கிண்ணம் மட்டும் இருக்கிறது என்றார். பதில் சொன்னது யார் என்று கேட்டார்.

கூட்டத்தில் ஒருவரும் வாயைத் திறக்கவில்லை. கிம்போதான் பேசினார். மன்றத்தின் ஆள் முன்னால் அவர் வாயைத் திறந்தது அதுவே முதல் தடவை.

"சின்னப் பையன் சொல்றேன்னு தப்பா எடுத்துக்காதீங்க. அது ஹாவ்ரின் குரல். நாப்பது வருஷம் அவனுக்குச் சவரம் பண்ணியிருக்கேன்."

"அவர் இறந்துட்டாரே" என்றார் கொர்வேல்.

இப்போதுதான் தெர்னா அத்தைக்கு உயிர் வந்தது. கல்லிலிருந்து இறங்கி அவர் முகத்துக்கு நேரே போய் நின்றாள். "இன்னைக்கு யாரு நாள்?"

"இப்போதைக்கு… ஒலும் நாள்."

"ஒலும் நாள்ல ஒலும் வீட்டுச் செத்தவங்க எங்க இருப்பாங்க?"

அவர் கூட்டத்தைப் பார்த்தார். கூட்டம் அவரைப் பார்த்தது. அவர் கற்ற விதியில் அதற்கு ஒரே ஒரு பதில்தான் இருந்தது. "வீட்ல" என்றார்.

"வீட்டு ஆளு, வீட்ல இருந்து பதில் சொல்லிட்டாரு. இன்னும் என்னடா பாத்துக்கிட்டு நிக்கிற? முடிச்ச நனை. கத்திய உள்ள வை, மூஞ்சில அடிச்சிருவேன்."

அவர் நனைத்தார். நனைந்த முடிச்சை இறுக்கினார். இது அச்சாகும் இதழ் எப்படியாவது அவர் கைக்குப் போய், அவர் இதைப் படித்தால் படிக்கட்டும். இறுக்கிய முடிச்சை அவிழ்த்தால் அதற்குப் பிறகு இறுக்கிய பதினொரு முடிச்சுகளையும் அவிழ்க்க வேண்டும். பதினொரு வீட்டுக்காரர்களும் அவர் வாசலில் வந்து நிற்பார்கள். முந்நூற்று நான்கு லட்சணமில்லாத எண்தான். பழகிக்கொள்ளட்டும்.

அன்றைக்கு ஒலும் வீட்டில் வாற்கோதுமைக் கஞ்சி, புளிப்புக்காய் போட்ட விலாங்குக் குழம்பு. நான் போனபோது நல்ல கூட்டம். திறந்த கதவுக்கு வராமல் இருக்க முடியாது என்பதால் கொர்வேலும் ஒரு மூலையில் கிண்ணத்தோடு உட்கார்ந்திருந்தார். அடுப்புக்குப் பக்கத்தில் ஹாவ்ரின் மாமாவின் கிண்ணம் ஆவி பறக்க இருந்தது. தெர்னா அத்தை வழக்கம்போல் எல்லோரையும் திட்டிக்கொண்டே பரிமாறினாள். சிந்தாமல் சாப்பிடத் தெரியாதா, பந்தயம் கட்டின வாய்க்குக் குழம்பு ஒரு கேடா, இன்னும் கொஞ்சம் போட்டுக்கொள்.

நான் கொர்வேலுக்கு இரண்டு ஆள் தள்ளி உட்கார்ந்தேன். கிண்ணத்தை வாங்கி, குடிப்பதற்காகச் சால்வையைக் கீழே இறக்கினேன்.

அவள் அகப்பை பாதியில் நின்றது. என் வாயையே பார்த்தாள். நான் கையால் தொட்டுப் பார்த்தேன். விரலில் கரி. குழாயின் வாய் எவ்வளவு பெரிதோ அவ்வளவு பெரிய வட்டம், உதட்டைச் சுற்றி, கன்னம்வரை.

அவள் அகப்பையைச் சட்டியில் போட்டாள். எனக்கும் கொர்வேலுக்கும் நடுவில் வந்து, அவருக்கு முதுகைக் காட்டிக் குந்தினாள். இடுப்பில் கட்டியிருந்த முன்கச்சையின் முனையை நாக்கில் நனைத்து, ஒரு கையால் என் தாடையைப் பிடித்துக்கொண்டு, விலாங்குக்கு வழவழப்பு எடுக்கிற மாதிரி தேய்த்தாள். வலித்தது. கத்தவும் முடியவில்லை.

"முப்பத்திரண்டு வருஷம்," என்றாள், எனக்கு மட்டும் கேட்கிற குரலில். "நான் பாலத்துல நின்னு கூப்பிட்ட மொதக் கூப்பாட்டுக்கு அந்த மனுஷன் ஒரு தடவகூட வாயத் தொறந்ததில்ல. ரெண்டாவதுக்கும் இல்ல. மூணாவது கூப்பிட்டு, என் உயிரு தொண்டைக்கு வந்த பெறகுதான் சொல்லுவாரு. பாலத்துல நின்ன அத்தன பேருக்கும் தெரியும், இந்தக் கத்திக்காரன் ஒருத்தனத் தவிர."

எனக்கு அது தெரியாது. என் பிறந்தநாளில் என்னை யாரும் விடியலில் எழுப்பியதில்லை.

"அடுத்த வருஷம் அவசரப்படாத. மூணு தடவ என்னக் கத்தவிடு. கேட்டியாடி?"

தலையாட்டினேன். கரி எப்போதோ போய்விட்டிருந்தது. அவள் தாடையை விடாமல் துடைத்துக்கொண்டே இருந்தாள்.